இரு மாநிலத்துக்கும் ஓர் அரண்மனை

கன்னியாகுமரி மாவட்டம் தக்கலை அருகிலுள்ள பத்மநாபபுரம் அரண்மனை, 1956 மாநில மறுசீரமைப்பில் தமிழக எல்லைக்குள் வந்தது. பராமரிப்பதோ இன்றும் கேரளத் தொல்லியல் துறை. நம் மண்ணில் அவர்களுக்கு என்ன வேலை என்று கேட்பவர்கள் அந்தக் கட்டடத்தை உற்றுப் பார்க்கட்டும். சரிந்த ஓட்டுக் கூரையும் நுணுக்கமான மரவேலையும் மலையாள நாட்டுத் தச்சு மரபு. நவராத்திரி மண்டபத்தின் கருங்கல் தூண்களில் தெரிவதோ தென்தமிழகக் கோயில் சிற்ப மரபு. ஒன்றை நீக்கினால் மற்றது அரைகுறை. கல்லும் மரமும் மட்டும் மனிதரை இணைத்துவிடாது என்ற மறுப்பு நியாயமானதுதான். ஆனால் இங்கே கட்டடம் வெறுமனே நிற்கவில்லை. ஆண்டுதோறும் நவராத்திரிக்கு இங்குள்ள சரஸ்வதி, வேளிமலை முருகன், சுசீந்திரம் முன்னுதித்த நங்கை ஆகிய தெய்வங்கள் எல்லை தாண்டித் திருவனந்தபுரம் செல்கின்றன. இரு மாநில மக்களும் வழியெங்கும் வரவேற்கிறார்கள். எனவே உரிமைக் கோரிக்கையை ஒதுக்கிவிட்டு, மரத்தச்சருக்கும் கல்தச்சருக்கும் அந்த வளாகத்திலேயே பயிற்சிப் பட்டறை தொடங்க இரு அரசுகளும் முன்வர வேண்டும்.