ஆனைக்கொய்யாவுக்கு உப்புப் போடலாமா?

2022ஆம் ஆண்டு நான் ஒன்பதாம் தரத்தில் படித்துக்கொண்டிருந்தேன். பால்மாவுக்கும் எரிவாயுவுக்கும் மண்ணெண்ணெய்க்கும் நாடே வரிசையில் நின்ற காலம் அது. டிக்கோயாவில் உள்ள எங்கள் வாப்பாவின் சில்லறைக் கடையில் பால்மா அடுக்கும் தட்டு வாரக்கணக்கில் வெறுமையாகவே கிடந்தது. ஒருநாள் மாலை, கொழுந்து மலையிலிருந்து இறங்கி வந்த அக்கா ஒருவர் உரப்பை நிறைய ஆனைக்கொய்யாப் பழங்களைக் கொண்டுவந்து கடை வாசலில் வைத்தார். அவர் எங்கள் கடையில் கொப்பிக் கணக்கில் சாமான் வாங்குபவர்.

“நானா, லயத்துக்குப் பின்னால கொட்டிக் கெடக்கு. பால்மா இல்ல. சீனி விக்கிற வெலைக்கு அதையும் வாங்க ஏலாது. இத வச்சுக்கிட்டு நாங்க என்னா செய்றது? நீங்களாச்சும் எடுத்துக்குங்க” என்றார்.

அவருடைய இடுப்பில் இரண்டு வயது மகன் இருந்தான். கிளினிக்கில் நிறுத்துப் பார்த்துவிட்டு, வயதுக்கு ஏற்ற நிறை இல்லை என்று சொல்லியிருந்தார்கள். வாப்பா பழத்தின் பெறுமதியைக் கணக்கில் கழித்துவிட்டு, பாதிப் பழத்தைத் திருப்பிக் கொடுத்து, “பிள்ளைக்குக் குடுங்க தங்கச்சி” என்றார். “வெறுமனே குடுத்தா துப்புறான் நானா” என்று சொல்லிவிட்டு அவர் போய்விட்டார்.

அந்தக் காட்சி என்னை விட்டுப் போகவேயில்லை. பழம் குவிந்து கிடக்கிறது. பிள்ளை மெலிந்து இருக்கிறது. இரண்டுக்கும் நடுவில் ஒரு பைக்கற்று பால்மா நிற்கிறது. ஆனைக்கொய்யா என்றால் பாலும் சீனியும் போட்டு அடித்துக் குடிப்பது என்றே நாம் பழகிவிட்டோம். பால் இல்லாத வீட்டில் பழத்துக்கும் வேலை இல்லாமற் போகிறது. இந்தப் பழக்கத்தை நாம் மாற்ற வேண்டும், ஆனைக்கொய்யா சோற்றுக்கும் ரொட்டிக்கும் பக்கத்தில் சம்பலாக வரவேண்டும் என்பதே என் கருத்து.

இது நான் கண்டுபிடித்த புதுமை அல்ல. இந்த மரம் பிறந்த மெக்சிகோவிலும் மத்திய அமெரிக்காவிலும் இப்பழத்தைப் பெரும்பாலும் உப்பு, மிளகாய், வெங்காயம், தக்காளியோடுதான் உண்கிறார்கள். அப்படிச் செய்யும் பச்சைக் கூட்டை ‘சல்சா’ என்பார்கள். ஸ்பானிய மொழியில் அதற்குக் குழம்பு, தொடுகறி என்ற பொருள்தான். நாம் ‘சம்பல்’ என்பதும் மலாய் மொழியிலிருந்து நமக்கு வந்த சொல். இன்னொன்றையும் யோசித்துப் பாருங்கள். நம் சம்பலில் உறைக்கும் மிளகாயும் அதில் நறுக்கிப் போடும் தக்காளியும் அதே அமெரிக்கக் கண்டத்திலிருந்து கப்பலேறி வந்தவைதாம். அவற்றை நாம் அம்மியில் ஏற்றிக்கொண்டோம். அவற்றோடு ஒரே மண்ணில் வளர்ந்த ஆனைக்கொய்யாவை மட்டும் ஏன் சீனியோடு தனியே உட்கார வைத்தோம்?

பெயரிலும் ஒரு வேடிக்கை உண்டு. அங்குள்ள பழங்குடி மக்களின் நாவாட்ல் மொழியில் இது ‘அவாகாட்ல்’. ஸ்பானியர் அதை ‘அகுவாகாத்தே’ ஆக்கினார்கள். ஆங்கிலத்தில் அது ‘அவகாடோ’ ஆனது. ‘அலிகேட்டர் பெயர்’ என்றும் ஒரு பெயர் வந்தது. அந்த அலிகேட்டர்தான் சிங்களத்தில் ‘அலிகெட்ட பேர’ ஆயிற்று. சிங்களத்தில் ‘அலி’ என்றால் யானை, ‘பேர’ என்றால் கொய்யா. ஆகவே தமிழில் முதலை போய் யானை வந்து, ஆனைக்கொய்யா என்று ஆகிவிட்டது. இத்தனை மொழிகளைக் கடந்து வந்த பழத்துக்கு ஒரு சமையல் முறை மாறுவது பெரிய காரியமா?

உயர்தரத்தில் உயிரியல் பிரிவுக்கு வந்த பிறகு ஒரு விடுமுறை நாளில் துணிந்து செய்து பார்த்தேன். உம்மா குசினி வாசலில் நின்றுகொண்டு, “என்னத்துக்கு மகள் பழத்துக்கு உப்புப் போடுற?” என்று கேட்டார். உம்மம்மாதான் எனக்காகப் பேசினார்: “மாங்காய்க்கும் அன்னாசிக்கும் உப்பும் கொச்சிக்காய்த் தூளும் போட்டுத் தின்னுறதுதானே. இதுக்கு மட்டும் என்ன?” ஹற்றன் பஸ் நிலையத்தில் மிளகாய்த்தூள் தூவிய அன்னாசித் துண்டை வாங்கித் தின்னாதவர் நம்மில் யார்?

செய்முறை எளிது. ஆனாலும் சில இடங்களில் கவனம் வேண்டும். ஆனைக்கொய்யா மரத்தில் பழுப்பதில்லை. முற்றிய காயைப் பறித்த பின்னரே பழுக்கும். காயை அரிசிப் பெட்டிக்குள் ஒரு வாழைப்பழத்தோடு வைத்தால், வாழைப்பழம் வெளியிடும் எதிலீன் வாயு அதைச் சில நாளில் பழுக்கவைக்கும். காம்புப் பக்கத்தை மெதுவாக அழுத்தும்போது சற்று இளகினால் அதுதான் பதம். குழையப் பழுத்தது பாலுக்குத்தான் ஆகும், சம்பலுக்கு ஆகாது.

நாலைந்து சின்ன வெங்காயத்தையும் ஒரு பச்சைக் கொச்சிக்காயையும் பொடியாக நறுக்கி, உப்பும் அரைத் தேசிக்காய்ச் சாறும் விட்டுப் பத்து நிமிடம் ஊறவையுங்கள். வெங்காயத்தின் காரம் அடங்கும். ஒரு தக்காளியை விதையும் நீரும் நீக்கி நறுக்கிச் சேருங்கள். நம் ஊர்ப் பெரிய காய்கள் சிலவற்றில் நீர்த்தன்மை கூட. தக்காளி நீரும் சேர்ந்தால் சம்பல் சளசளத்துவிடும். கடைசியாகப் பழத்தைச் சிறு துண்டுகளாக வெட்டிப் போட்டு, கொத்தமல்லி இலை தூவி, கரண்டியால் இரண்டு முறை புரட்டினால் போதும். பிசையக் கூடாது. வெட்டிய பழம் கறுப்பதற்குக் காரணம் அதிலுள்ள நொதியமும் காற்றிலுள்ள ஒட்சிசனும்தான். தேசிக்காயின் புளிப்பு அதைத் தாமதப்படுத்தும், நிறுத்தாது. ஆகவே உண்ணப் போகும் நேரத்தில் மட்டும் செய்யுங்கள். தேங்காய் ரொட்டிக்கும் வாட்டிய பாணுக்கும் இது மிகப் பொருத்தம்.

ருசிக்காக மட்டும் நான் இதை எழுதவில்லை. 2016ஆம் ஆண்டின் குடித்தொகை, சுகாதார அளவீட்டின்படி, ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் வயதுக்கேற்ற உயரம் இல்லாதோர் நாடளாவிய ரீதியில் ஏறத்தாழ 17 சதவீதம். பெருந்தோட்டத் துறையிலோ அது ஏறத்தாழ 32 சதவீதம். நாங்கள் கடையில் அன்றாடம் காணும் பிள்ளைகள்தாம் அந்த எண்ணிக்கைக்குள் இருக்கிறார்கள். 100 கிராம் ஆனைக்கொய்யாவில் இனத்துக்கேற்பக் கூடிக் குறைந்தாலும் ஏறத்தாழ 160 கலோரி சக்தியும் 15 கிராம் கொழுப்பும் இருக்கின்றன. அந்தக் கொழுப்பில் பெரும்பகுதி உடலுக்கு நல்லது செய்யும் வகை. கொலஸ்திரோல் கூடிவிடும் என்று அஞ்சுவோர் உண்டு. தாவர உணவாகிய இதில் கொலஸ்திரோல் என்று சொல்லத்தக்க அளவு எதுவும் இல்லை.

இதைவிட முக்கியமான ஒன்று உண்டு. கரட்டிலும் கீரையிலும் தக்காளியிலும் உள்ள கரோட்டின் வகைகளை உடல் உறிஞ்ச வேண்டுமானால் கூடவே கொழுப்பு தேவை. அமெரிக்காவின் ஓஹியோ மாநிலப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2005இல் வெளியிட்ட ஆய்வொன்றில், தக்காளி சல்சாவை ஆனைக்கொய்யா சேர்த்தும் சேர்க்காமலும் கொடுத்துப் பார்த்தார்கள். சேர்த்து உண்டபோது லைக்கோபீன் நான்கு மடங்குக்கு மேலும், உடலில் விற்றமின் ஏ ஆக மாறும் பீற்றா கரோட்டின் இரண்டரை மடங்குக்கு மேலும் உறிஞ்சப்பட்டன. நுவரெலியா கரட்டும் வல்லாரையும் நம் வாசலில் விளைகின்றன. அவற்றின் சத்தை உடலில் சேர்க்கும் கொழுப்பு லயத்துக்குப் பின்னால் அழுகிக் கிடக்கிறது.

மறுப்புகளையும் சொல்லிவிடுகிறேன். ஆனைக்கொய்யாவில் புரதம் குறைவு. 100 கிராமில் 2 கிராம் அளவே உண்டு. முட்டைக்கும் மீனுக்கும் பருப்புக்கும் இது ஈடாகாது. பிள்ளைகள் மெலிவதற்கு வேரான காரணம் பெற்றோரின் சம்பளம் போதாமைதான். சம்பல் செய்யச் சொல்லிக்கொடுத்துவிட்டு அந்தப் பிரச்சினை தீர்ந்துவிட்டது என்று யாராவது சொன்னால் அது அநியாயம். ஆனால், சம்பளம் உயரும்வரை வாசலில் கிடக்கும் உணவை மண்ணுக்கு விடுவதும் நியாயமாகாது. வீண்விரயம் கூடாது என்று சிறு வயதிலேயே நமக்குச் சொல்லித் தந்திருக்கிறார்களே.

இன்னொரு மறுப்பு, “தின்னுவானேன், விற்றால் காசாகுமே” என்பது. வெளியூர் வியாபாரிகள் வந்து மரத்தோடு விலை பேசி, முற்றாத காயையும் சேர்த்து அடித்து இறக்கிக்கொண்டு போகிறார்கள். முற்றாத காய் பழுக்காது, சுருங்கித்தான் போகும். அடிபட்டது உள்ளே கறுத்துவிடும். நீண்ட கம்பின் நுனியில் பை கட்டி முற்றியதை மட்டும் பறித்தால் நல்ல விலை கேட்கலாம். நாமே உண்டு அருமை அறிந்தால்தான் அந்த விலையைக் கேட்க நமக்கு வாய் வரும் என்று நினைக்கிறேன்.

சென்ற வருடம் அந்த அக்கா கடைக்கு வந்தபோது செய்முறையைச் சொன்னேன். சின்னவனுக்குக் கொச்சிக்காய் போடாமல், தேசிக்காயும் உப்பும் மட்டும் சேர்த்து மசித்து, ரொட்டிக்குள் வைத்துக் கொடுக்கும்படி கூறினேன். அடுத்த கிழமை வந்து, “மூத்தவ மொகத்தச் சுளிக்கிறா பாப்பா. சின்னவன் இன்னொரு ரொட்டி கேட்டான்” என்றார். இருவரில் ஒருவர். அது எனக்குப் போதும்.

பெற்றோர்களுக்கு என் வேண்டுகோள் இதுதான். நோன்பு திறக்கும்போது ஆனைக்கொய்யாப் பால் இருக்கட்டும்; வாரத்தில் ஒரு நாளாவது அதே பழம் சோற்றுப் பிங்கானுக்கு வரட்டும். தோழிகளே, நம் கல்லூரி மனைப்பொருளியல் கண்காட்சியில் கேக் மேசைக்குப் பக்கத்தில் ஆனைக்கொய்யாச் சம்பலுக்கும் ஒரு மேசை போடுவோம். உங்கள் கடைக்கோ வீட்டுக்கோ ஒருவர் உரப்பை நிறையப் பழத்தோடு வந்து, “இத வச்சுக்கிட்டு என்னா செய்றது?” என்று கேட்டால், பழத்தை வாங்கி வைப்பதோடு நின்றுவிடாதீர்கள். இரண்டு தேசிக்காயைக் கையில் கொடுத்து, செய்முறையையும் சொல்லி அனுப்புங்கள்.