திரும்பி வந்தவர்
மதுரையிலிருந்து ஓரியூர் போய்வந்த பக்கத்து வீட்டம்மா செம்மண் பொட்டலம் ஒன்று தந்தார். 1693 பிப்ரவரி 4 அன்று மதுரை மிஷன் பாதிரியார் அருளானந்தர் வெட்டுப்பட்ட ஊர் மண். எனக்கென்னவோ அவர் செத்ததைவிட, திரும்பி வந்ததுதான் பெரிதாகப் படுகிறது. 1686-இல் மறவர் சீமையில் பிடிபட்டு, வதைபட்டு, விடுதலையானவர். ஐரோப்பா போனவரை, சிறுவயதுத் தோழரான போர்த்துகீசிய மன்னரே அங்கேயே இருத்திக்கொள்ளப் பார்த்தார். அடியின் வலி தெரிந்தபிறகும் மதுரை மிஷனுக்கே கப்பலேற எத்தனை பேருக்கு மனசு வரும்? அதே மூச்சில் கடலாயியும் நினைவுக்கு வருகிறாள். மறவர் தலைவர் தடியத்தேவர், அருளானந்தரிடம் பெற்ற ஞானஸ்நானத்துக்காக மூத்தவளை மட்டும் வைத்துக்கொண்டு விலக்கிவிட்ட இளைய மனைவி; மறவர் சீமை மன்னர் சேதுபதியின் உறவுப்பெண். சேதுபதியிடம் போய் முறையிட்டு, அருளானந்தரின் சாவுக்கு வழிவைத்தாள் என்பதற்காகப் பிரசங்கங்களில் அவளை வில்லியாக்கிவிடுகிறோம். வாழ்க்கை பறிபோனவள் வேறு எங்கே போவாள்?