ரேஷன் அரிசியும் நம் கல்லாவும்

சென்ற மாதம் நம் செயற்குழுவில் ஒரு தீர்மான வரைவு வாசிக்கப்பட்டது. ரேஷன் பொருள்களையும் அரசின் இலவசங்களையும் உண்மையான ஏழைகளுக்கு மட்டுமே வழங்க வேண்டும், மற்றவர்களுக்கு நிறுத்தி மிச்சமாகும் பணத்தைச் சாலைக்கும் குடிநீருக்கும் செலவிட வேண்டும் என்பது அதன் சாரம். கைதட்டல் பலமாகவே இருந்தது. வரும் பொதுக்குழுவில் நிறைவேறினால் அது அரசுக்கு அனுப்பப்படும். நாம் அதற்கு உடன்படவில்லை. எழுந்து பேச நேரம் கிடைக்காததால் ஏட்டில் எழுதுகிறோம்.

"உண்மையான ஏழைகளுக்கு மட்டும்" என்ற சொற்றொடர் காதுக்கு இனிமையாகத்தான் இருக்கிறது. தகுதியில்லாதவனுக்குக் கடன் கொடுக்காதே என்று நாம் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுப்பது போன்றது. ஆனால் இது தென்காசிக் கடைத்தெருவில் பிறந்த சிந்தனை அல்ல. வந்த வழியைத் தெரிந்துகொண்டு பிறகு கைதட்டலாம்.

1991-இல் நாட்டின் அந்நியச் செலாவணிக் கையிருப்பு சில வார இறக்குமதிக்கே போதும் என்ற நிலைக்கு இறங்கியது. தங்கத்தை அடகு வைத்தோம். சர்வதேச நிதியத்திடமும் உலக வங்கியிடமும் கடன் வாங்கினோம். கடன் கொடுப்பவன் புத்திமதியும் சேர்த்தே கொடுப்பான் என்பது வட்டிக்கடை வாசலை மிதித்த எல்லோருக்கும் தெரியும். மானியத்தைக் குறை, எல்லோருக்கும் கொடுக்காதே, பொறுக்கி எடுத்துக் கொடு என்பது அன்று உலகமெங்கும் ஓங்கி நின்ற பொருளாதாரச் சிந்தனை. 1980-களில் ஆப்பிரிக்க, லத்தீன் அமெரிக்க நாடுகளுக்கு எழுதிக்கொடுத்த அதே மருந்துச் சீட்டு இங்கும் வந்தது. 1997 ஜூன் மாதம் மத்திய அரசு ரேஷன் கார்டுகளை வறுமைக் கோட்டுக்குக் கீழே, மேலே என்று இரண்டாகப் பிரித்தது. 2000-இல் கோட்டுக்கு மேலே உள்ளவர்களுக்கான விலையை அரசின் அடக்கவிலைக்கே உயர்த்திவிட்டது.

அந்தக் கோடு எங்கே கிழிக்கப்பட்டது? 2011 செப்டம்பரில் திட்டக் குழு உச்ச நீதிமன்றத்தில் ஒரு பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்தது. நகரத்தில் ஒருவர் நாளொன்றுக்கு 32 ரூபாயும், கிராமத்தில் 26 ரூபாயும் செலவு செய்ய முடிந்தால் அவர் ஏழை அல்ல என்றது. இந்தக் கணக்கை நாம் ஒரு மளிகைக்கடைச் சீட்டில் போட்டுப் பார்ப்போம். ஐந்து பேர் உள்ள கிராமத்துக் குடும்பம். ஆளுக்கு 26 ரூபாய். மாதம் 3,900 ரூபாய். அரிசி, பருப்பு, எண்ணெய், மருந்து, பள்ளிச் செலவு எல்லாம் அதற்குள். ஒரு குடும்பம் மாதம் நாலாயிரம் ரூபாய் செலவு செய்துவிட்டால் அது வசதி படைத்த குடும்பமாகிவிடும்! கணக்குப் போட்டவர்கள் எந்த ஊரில் சாமான் வாங்கினார்களோ தெரியவில்லை. கோட்டைப் போடுகிறவரின் பென்சில் சற்று நழுவினால் ஒரு தெருவே ஏழ்மையிலிருந்து விடுதலை பெற்றுவிடும் என்பதை மட்டும் கவனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

தமிழ்நாடு அந்தப் பிரிவினையை ஏற்கவில்லை. மத்திய அரசு குறைத்ததைத் தன் பணத்தில் ஈடுகட்டி, எல்லாக் கார்டுக்கும் அரிசி கொடுத்தது. கிலோ மூன்றரை ரூபாயாக இருந்தது 2006-இல் இரண்டு ரூபாயாகி, 2008-இல் ஒரு ரூபாயாகி, 2011 ஜூன் முதல் விலையில்லாமல் ஆயிற்று. 2016 நவம்பரில் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் சேர்ந்தபோதும் எல்லோருக்கும் என்பதைக் கைவிடவில்லை. ஆட்சிகள் மாறின, ஒருவர் செய்ததை மற்றவர் அழிப்பது நம் ஊர் வழக்கம் என்றாலும் இதை மட்டும் யாரும் அழிக்கவில்லை. ஒரே ஒரு முறை தொட்டுப் பார்த்தார்கள். மாத வருமானம் 5,000 ரூபாய்க்கு மேல் உள்ள குடும்பங்களின் கார்டில் "எச்" என்று முத்திரை குத்தி அரிசியை நிறுத்தினார்கள். 2004 மே மாதம் நாடாளுமன்றத் தேர்தல் முடிவு வந்த சில நாட்களிலேயே முத்திரை போயிற்று.

மலைக்கு அப்பால் நடந்தது வேறு கதை. செங்கோட்டையைத் தாண்டிப் புளியரை வழியாகப் போனால் கேரளம். சரக்கு ஏற்றிப் போகிறவர்களுக்கு அந்த வழியின் ஒவ்வொரு வளைவும் தெரியும். 1997 வரை கேரளத்தின் ரேஷன் முறைதான் நாட்டுக்கே எடுத்துக்காட்டு. ஏறக்குறைய எல்லாக் குடும்பமும் அங்கே வாங்கியது. கோடு கிழிக்கப்பட்டு விலை ஏறியதும் கோட்டுக்கு மேலே உள்ளவர்கள் கடைப் பக்கம் வருவதை நிறுத்தினார்கள். வாடிக்கை குறைந்தால் கடை என்னாகும் என்று நமக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. வாடகைக்கும் கூலிக்கும் கட்டாமல் அங்கே பல ரேஷன் கடைக்காரர்கள் நொடித்துப் போனார்கள்; கோட்டுக்குக் கீழே உள்ள ஏழைக்கும் சேர்த்துத்தான் கடை கெட்டது. மறுபுறம் இந்திய உணவுக் கழகக் கிடங்குகளில் தானியம் குவிந்தது. 2002-இல் இருப்பு 6 கோடி டன்னைத் தாண்டியது. இங்கே வாங்க ஆளில்லை என்று, ஏழைக்கு விற்கும் விலையையொட்டியே கோதுமையை வெளிநாட்டுக்கு ஏற்றுமதி செய்தார்கள். மானியத்தை மிச்சம் பிடிக்கப் போட்ட திட்டம் இது!

இனி நம் கல்லாவுக்கு வருவோம். ரேஷன் அரிசியால் அரிசி வியாபாரம் படுத்துவிட்டது என்று நம்மவர்கள் குறைபடுவது புதிதல்ல. அதில் பாதி உண்மை. ஆனால் நம் வாடிக்கையாளர் வீட்டு அடுப்படி நமக்குத் தெரியாததல்ல. ரேஷன் அரிசி இட்லி மாவுக்குப் போகிறது. கையில் காசு இருந்தால் சோற்றுக்குக் கடை அரிசிதான் வாங்குகிறார்கள். ஆயிரம் கார்டு உள்ள ஓர் ஊரை எடுத்துக்கொள்வோம். கார்டுக்கு 20 கிலோ. கடையில் வாங்கினால் கிலோ 40 ரூபாய் என்று வைத்தாலும் குடும்பத்துக்கு மாதம் 800 ரூபாய். ஊருக்கு 8 லட்சம். பாதிப் பேர் அந்த அரிசியைச் சாப்பிடவில்லை என்று தள்ளினாலும் 4 லட்சம் ரூபாய் மாதந்தோறும் மக்கள் கையில் மிச்சம். அந்தப் பணம் வங்கிக்குப் போகிறதா? எண்ணெய்க்கும் சோப்புக்கும் நோட்டுப் புத்தகத்துக்கும் பிள்ளைக்கு ஒரு சட்டைக்கும் நம் கடைக்குத்தான் வருகிறது. அரிசிக்கடை இழந்ததைப் பலசரக்குக் கடையும் ஜவுளிக் கடையும் பெற்றிருக்கின்றன. சங்கம் அரிசிக்கடைக்கு மட்டும் உரியதல்லவே.

நம் வட்டாரத்துக்கு இது மற்ற ஊர்களைவிட அதிகம் பொருந்தும். குற்றாலத்தை நம்பிய வியாபாரம் சாரலை நம்பியது. ஜூனில் காற்று வீசி மலையில் மேகம் இறங்கினால் மூன்று மாதம் வியாபாரம். இல்லையென்றால் ஏலத்தில் எடுத்த கடைக்குக் கட்டிய பணமே திரும்பாது. 2020-லும் 2021-லும் கொரோனாவால் அருவிகளில் குளிக்கத் தடை. இரண்டு சீசன் முழுவதும் போயிற்று. 2024 மே மாதம் பழைய குற்றாலத்தில் திடீர் வெள்ளம் ஒரு சிறுவனின் உயிரைக் கொண்டுபோனது; கோடை விடுமுறைக் கூட்டமும் கலைந்தது. சீசன் இல்லாத மாதங்களில் நம் கடை வாசலுக்கு வருவது யார்? கீழப்பாவூரிலும் ஆலங்குளத்திலும் கடையத்திலும் பீடி சுற்றும் பெண்கள், வயல் வேலைக்குப் போகிறவர்கள், மூட்டை தூக்குகிறவர்கள். 2020 ஏப்ரலில் அரிசிக் கார்டுக்கு 1,000 ரூபாயும், 2021-இல் இரண்டு தவணையாக 4,000 ரூபாயும் ரேஷன் கடை வழியாக வந்தன. பீடிக் கடை மூடி, பேருந்து நின்று, ஊரே அடங்கிக் கிடந்த நேரத்தில் பற்று நோட்டில் வரவு எழுத முடிந்தது அந்தப் பணத்தால்தான். எல்லாக் கார்டுக்கும் என்ற பழைய ஏற்பாடு இருந்ததால்தான் வீடு வீடாகத் தகுதி விசாரிக்காமல் சில நாட்களில் கொடுக்க முடிந்தது.

இலவசத்தால் வேலைக்கு ஆள் கிடைப்பதில்லை என்று ஒரு பெரியவர் வருத்தப்பட்டார். நம் சுமை தூக்கும் தொழிலாளி புளியரை தாண்டிப் போவது இருபது கிலோ அரிசியின் தைரியத்தில் அல்ல. அங்கே கூலி அதிகம் என்பதால். கிராமத்துக் கூலியில் நாட்டிலேயே முதலிடத்தில் இருப்பது கேரளம். நாமும் நல்ல விலை கிடைக்கும் சந்தைக்குத்தான் சரக்கு அனுப்புகிறோம்.

இன்னொன்றும் கேட்கத் தோன்றுகிறது. சுரண்டை, ஆலங்குளம், சங்கரன்கோவில் பக்கம் வானத்தைத் தொட்டு நிற்கும் காற்றாடிகளை நாம் தினமும் பார்க்கிறோம். காற்று மட்டும் அவற்றைக் கொண்டுவரவில்லை. காற்றாலையில் போட்ட முதலை முதல் ஆண்டிலேயே தேய்மானமாகக் கழித்து வருமான வரியைக் குறைத்துக்கொள்ளலாம் என்ற சலுகையும் கொண்டுவந்தது. 1990-களில் அது நூற்றுக்கு நூறு. பின்னர் 80 சதவீதம். 2012-இல் சலுகையை நிறுத்தியதும் புதிய காற்றாலைகள் குறைந்தன. 2014-இல் திருப்பிக் கொடுத்தார்கள். 2017 முதல் 40 சதவீதம். சலுகை தவறென்று நாம் சொல்லவில்லை, மின்சாரம் வந்தது. ஆனால் ஏதோ ஒரு நகரத்து மில் முதலாளிக்குக் கொடுத்தால் அதற்குப் பெயர் ஊக்குவிப்பு, நம் வாடிக்கையாளருக்குக் கொடுத்தால் இலவசம்! எந்தச் செயற்குழுவிலும் இதற்கு எதிராகத் தீர்மானம் வந்ததாக நினைவில்லை.

அரிசிக்குப் பதில் பணமாகவே கொடுத்துவிட்டால் நம் கடைகளுக்கு நல்லதுதானே என்று இளைய உறுப்பினர்கள் சிலர் கேட்டார்கள். கேட்க ஆசையாகத்தான் இருக்கிறது. மூன்று ஆண்டுகளாக இதை எண்ணி எண்ணி நாமும் தடுமாறியதுண்டு. இலங்கையில் 1979-இல் இதைத்தான் செய்தார்கள். அரிசிப் பங்கீட்டை நிறுத்தி, வருமானம் குறைந்தவர்களுக்கு மட்டும் ரூபாய் மதிப்பு அச்சிட்ட உணவு முத்திரை கொடுத்தார்கள். விலைவாசி ஏறிக்கொண்டே போயிற்று. முத்திரையில் அச்சிட்ட ரூபாய் அதே வேகத்தில் ஏறவில்லை. அரிசியாக இருந்தால் கிலோ கிலோதான். புதுச்சேரியில் 2015 செப்டம்பரில் சோதனையாக வங்கிக் கணக்கில் பணம் போடத் தொடங்கினார்கள். ரேஷன் கடைகள் மூடிக் கிடந்தன. அரிசியா பணமா என்று அரசுக்கும் துணைநிலை ஆளுநருக்கும் வழக்கே நடந்தது. கடைசியில் 2024 அக்டோபரில், தீபாவளிக்கு முன், கடைகளை மீண்டும் திறந்து அரிசி கொடுத்தார்கள். மக்கள் கேட்டது அதைத்தான்.

நம் பக்கத்துக் குறையையும் சொல்லிவிடுவோம். புளியரை சோதனைச் சாவடியில் ரேஷன் அரிசி பிடிபட்ட செய்தி அடிக்கடி நாளிதழில் வருகிறது. மூட்டை மாற்றி, பாலீஷ் போட்டு, மலையேற்றுவது ஏழைக் கார்டுதாரர் அல்ல. வியாபாரி என்று தன்னைச் சொல்லிக்கொள்பவர். அவர்களைப் பற்றி வரைவில் ஒரு வரி இல்லை. அதேபோல் நிவாரணத் தொகுப்பு, பொங்கல் தொகுப்பு என்று மளிகைச் சாமானைப் பையில் கட்டிக் கொடுக்கும்போது உள்ளூர் மொத்தக் கடைகளுக்கு அடி விழுவது உண்மை. 2022 பொங்கல் தொகுப்பின் தரம் பற்றி எழுந்த புகார்களும் ஊரறிந்தவை. இவற்றை அந்தந்த மாவட்டத்திலேயே வாங்குங்கள் என்று கேட்க நமக்கு உரிமை உண்டு, கேட்க வேண்டும்.

ஆகவே வரைவுக்கு ஒரு திருத்தம் கொண்டுவர இருக்கிறோம். ஏழைகளுக்கு மட்டும் என்ற வாசகத்தை நீக்க வேண்டும். ரேஷன் அரிசி கடத்துவோருக்குச் சங்கத்தில் இடமில்லை என்று சேர்க்க வேண்டும். தொகுப்புப் பொருள்களை மாவட்ட அளவில் கொள்முதல் செய்யக் கோர வேண்டும். பொதுக்குழுவுக்கு வரும் அன்பர்கள் 2020, 2021 ஆண்டுகளின் பற்று நோட்டு கைவசம் இருந்தால் எடுத்து வாருங்கள். எந்த மாதத்தில் பழைய பாக்கி வந்தது, எந்த மாதத்தில் நின்றது என்று பெயர்களை மறைத்து வாசித்துவிட்டு, அதன்பின் வாக்கெடுப்பு வைத்துக்கொள்வோம்.