சாவித்திரியை நம் ஊரில் திரையிடுவோம்

கே. சுப்பிரமணியத்தின் பெயரை எடுத்த மாத்திரத்தில், நம்மவர் ‘தியாகபூமி’யைக் குறிப்பிட்டு, வெள்ளைக்கார சர்க்கார் அதற்குத் தடை விதித்த கதையைச் சொல்லி, தேசபக்தர்களின் வரிசையில் அவருக்கு ஓர் ஆசனம் போட்டுவிட்டுத் திருப்தி அடைகிறார்கள். நியாயமான மரியாதைதான், ஆயினும் முழு மரியாதை அன்று என்பது என் அபிப்பிராயம்.

1904-இல் பாபநாசத்தில் பிறந்து, வக்கீல் தொழிலுக்குப் படித்து, ராஜா சாண்டோவிடம் சினிமாத் தொழில் பழகி, 1934-இல் ‘பவளக்கொடி’யின் மூலம் தியாகராஜ பாகவதரைத் திரைக்குக் கொண்டுவந்த அவர், புராணத்தையும் சங்கீதத்தையும் நம்பியே சௌகரியமாகக் காலம் தள்ளியிருக்கலாம். அவ்வாறு செய்யாமல், 1937-இல் ‘பாலயோகினி’யை எடுத்தார். ஆதரவற்ற பிராமண விதவையொருத்தி, தீண்டத்தகாதவனென்று ஊரார் ஒதுக்கிய வேலைக்காரனின் வீட்டில் அடைக்கலம் புகும் கதை அது. அதில் நிஜமான கைம்பெண் ஒருவரையே நடிக்கவும் வைத்தார். தஞ்சை ஜில்லாவில் பிராமணர் சிலர் கூடி அவரை ஜாதிப்பிரஷ்டம் செய்தனர் என்று சினிமா சரித்திரம் எழுதியோர் கூறுகின்றனர். சர்க்காரின் தடை அவருக்குப் புகழைத் தந்தது; உற்றார் உறவினரின் விலக்கோ எந்தப் புகழையும் தராதது. அதைத் தாங்கியவரையே நான் பெரியவர் என்பேன்.

‘தியாகபூமி’யும் அந்தத் துணிவின் தொடர்ச்சியே. கல்கி அக்கதையை ‘ஆனந்த விகட’னில் தொடராக எழுதிவர, படத்தின் புகைப்படங்களே சித்திரங்களாக அச்சேறின; 1939 மே 20-இல் படம் வெளிவந்தது. பாபநாசம் சிவன் சம்பு சாஸ்திரியாகவும், எஸ்.டி. சுப்புலட்சுமி சாவித்திரியாகவும் நடித்தனர். புருஷனால் துரத்தப்பட்ட சாவித்திரி, பிற்பாடு செல்வச் சீமாட்டியாகி, தன்னோடு வாழ வரவேண்டுமென்று அவன் வழக்குத் தொடுக்கையில், வேண்டுமானால் ஜீவனாம்சம் நானே தருகிறேன் என்று நியாயஸ்தலத்தில் சொல்கிறாள். காங்கிரஸ் மந்திரிசபை விலகிய பின்னர் தடை விதித்த சர்க்காருக்குக் கதரும் கொடியும் கண்ணை உறுத்தியிருக்கலாம். பல குடும்பங்களை உறுத்தியது அந்த ஜீவனாம்சப் பேச்சாகத்தான் இருக்கும்.

மானிடர் எவருக்கும் வாழ்க்கைப்பட மாட்டேனென்று நின்ற பெண்ணைத் தாயாராக வணங்கி, ஆடிப்பூரத்தன்று அவளுக்குத் தேர் இழுக்கும் ஸ்ரீவில்லிபுத்தூர்க்காரர்களுக்கு, சாவித்திரியின் பிடிவாதம் விநோதமாகத் தோன்ற நியாயமில்லை. தேரில் இருப்பவளுக்குக் கொடுக்கும் உரிமையை வீட்டில் இருப்பவளுக்கும் கொடுக்கிறோமா என்பது வேறு விஷயம்!

தமிழகத்தின் முதல் மௌனப் படமான, நடராஜ முதலியாரின் ‘கீசகவத’த்தில் நமக்கு ஓர் அடிப் பிலிமும் மிஞ்சவில்லை. ‘தியாகபூமி’யோ அதிர்ஷ்டவசமாகப் பிழைத்திருக்கிறது, பிழைத்ததைப் பார்ப்பார்தான் இல்லை. சென்னை மாகாணத்தின் பிரதம மந்திரியாயிருந்த பி.எஸ். குமாரசாமி ராஜா தம் வீட்டையே கொடுத்து ஏற்படுத்திய காந்தி கலை மன்றம் ராஜபாளையத்தில் இருக்கிறது. அம்மன்றத்தாரும் ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம் ஆகிய இவ்விரு ஊர்களின் கல்லூரிகளும் சேர்ந்து, ஆண்டுக்கு ஒரு மாலையாவது அந்தப் படத்தைத் திரையிட்டு, மாணவிகளை முன்வரிசையில் உட்காரவைக்க வேண்டுமென்று கேட்டுக்கொள்கிறேன்.