ஆலைகள் தாமாக வரவில்லை

பிரிக்பீல்ட்ஸ் என்ற பெயரை நாம் எத்தனையோ முறை சொல்கிறோம். துணி எடுக்கவும், பூ வாங்கவும், கோயிலுக்குப் போகவும் அங்கே இறங்காதவர் குறைவு. செங்கல் சூளை இருந்த இடம் அது என்பதும் பலருக்குத் தெரியும். ஆனால் அந்தச் சூளை ஏன் வந்தது என்று கேட்டிருக்கிறோமா?

1881-ஆம் ஆண்டு கோலாலம்பூருக்குப் பொல்லாத ஆண்டு. முதலில் தீ, பிறகு வெள்ளம். மரமும் அத்தாப்பும் வைத்துக் கட்டியிருந்த ஊர் அடியோடு அழிந்தது. மறு ஆண்டு சிலாங்கூரின் ரெசிடெண்டாக வந்த பிராங்க் சுவெட்டன்ஹாம், இனிக் கட்டடங்கள் செங்கல்லாலும் ஓட்டாலும்தான் எழவேண்டும் என்று உத்தரவு போட்டார். உடனே செங்கல்லுக்குக் கிராக்கி வந்துவிட்டது. பின்னாளில் சீனர்களின் கப்பித்தானாக விளங்கிய யாப் குவான் செங் அங்கே சூளை வைத்தார். களிமண் அதற்கு முன்பும் அங்கேதான் கிடந்தது. சூளைக்கு நெருப்பு மூட்டியது அரசாங்கத்தின் ஓர் உத்தரவு. பிறகு ரயில்வே அங்கே இடம் பிடித்தது. அதன் பின்னாலேயே யாழ்ப்பாணத்துக் கிராணிமார்களும் தமிழகத்துக் கூலித் தொழிலாளர்களும் வந்து குடியேறினார்கள்.

இதை மனத்தில் வைத்துக்கொண்டு கிள்ளான் பள்ளத்தாக்கைப் பாருங்கள். வெள்ளைக்காரர் ஆண்ட காலத்தில் நம்மவர் சீவி எடுத்த பால், ஷீட்டாகி, போர்ட் சுவெட்டன்ஹாம் துறைமுகத்தில் கப்பலேறியது. (1972-இல்தான் அதற்குப் போர்ட் கிள்ளான் என்று பெயர் மாறியது.) அதே ரப்பர் டயராகி, பல மடங்கு விலையோடு திரும்பி வந்தது. மரம் இங்கே இருந்தது, ஆளும் இங்கே இருந்தார்கள். டயர் இங்கேயே செய்யவேண்டும் என்ற கொள்கைதான் இல்லை. ஆளப்படும் நாடு கச்சாப் பொருளை அனுப்பவேண்டும், செய்த பொருளைக் காசு கொடுத்து வாங்கவேண்டும் என்பது வியாபாரக் கணக்கு மட்டுமல்ல, அரசியல் கணக்கும்தான். சோப்பு, பிஸ்கட் என்று சில ஆலைகள் இருந்தது உண்மை. அவற்றை வைத்து ஒரு நாட்டைத் தொழில் நாடு என்று சொல்ல முடியாது.

1957-இல் சுதந்திரம் வந்தது. மறு ஆண்டே முன்னோடித் தொழில் சட்டம் வந்தது. புதிய ஆலை வைப்பவருக்குச் சில ஆண்டுகள் வருமான வரி கிடையாது என்றது அந்தச் சட்டம். பெட்டாலிங் ஜெயாவில் புகைபோக்கிகள் முளைத்தன. டன்லப் டயர் ஆலை அங்கே வந்தது; ஷா ஆலமில் 1972-இல் குட்இயர் வந்தது. அதே 1958-இல் சென்னையிலும் கிண்டித் தொழிற்பேட்டை பிறந்தது. ஆனால் இரண்டு வழிக்கும் வேற்றுமை உண்டு. கிண்டியில் அரசாங்கமே கொட்டகை கட்டி, மின்சாரமும் தண்ணீரும் கொடுத்துச் சிறு தொழில் செய்வோரை உட்காரவைத்தது. இங்கே வரிச் சலுகையைப் பயன்படுத்திக்கொள்ளக் கையில் பெரிய முதல் வேண்டும். அந்த முதல் பெரும்பாலும் வெளிநாட்டாரிடம்தான் இருந்தது. தையல் இயந்திரம் ஒன்றை வைத்துக்கொண்டு முன்னேறப் பார்த்தவனுக்கு முன்னோடிச் சட்டத்தால் என்ன லாபம்?

உள்ளூர்ச் சந்தை சிறியது, வேலையும் போதவில்லை. ஆகவே 1971-இல் தடையற்ற வாணிப வட்டாரச் சட்டம் வந்தது. மறு ஆண்டு பினாங்கில் பாயான் லெப்பாசிலும் இங்கே சுங்கை வேயிலும் வேலி போட்ட வட்டாரங்கள் எழுந்தன. பொருளைச் செய்து வெளிநாட்டுக்கு அனுப்பினால் சுங்க வரி இல்லை. மின்னணு ஆலைகள் வந்தன. ஆயிரக்கணக்கில் இளம்பெண்கள் வேலைக்குப் போனார்கள். தோட்டத்தில் 1954 முதல் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் இருந்தது. மின்னணு ஆலையிலோ நெடுங்காலம் சங்கத்துக்கு அனுமதியே இல்லை. 1988-இல்தான், அந்தந்த ஆலைக்குள் மட்டும் சங்கம் வைத்துக்கொள்ளலாம் என்றார்கள். லயத்திலிருந்து ஆலைக்குப் போன பெண்பிள்ளை, சங்கத்தை வாசலிலேயே விட்டுவிட்டுத்தான் உள்ளே போனாள்.

அதுவும், உள்ளே போக முடிந்தவர்கள் கதை. 1968-இல் வேலை கட்டுப்பாட்டுச் சட்டம் ஒன்று வந்தது. குடியுரிமை இல்லாதவர் வேலை செய்ய அனுமதிச் சீட்டு வாங்கவேண்டும். பிறப்புப் பத்திரம் இல்லாமலும், மனு எழுதித் தர ஆளில்லாமலும் சிவப்பு அடையாளக் கார்டோடு நின்றவர்கள் நம் தோட்டங்களில் ஏராளம். ஏறத்தாழ 60,000 பேர் இந்தியாவுக்குக் கப்பலேறினார்கள் என்பது கணக்கு. ஆலைகளுக்கு ஆள் தேடத் தொடங்கிய அதே ஆண்டுகளில், இங்கேயே உழைத்த கைகள் துறைமுகத்தில் விடைபெற்றுக்கொண்டிருந்தன. இதைவிட வேதனையான பொருத்தம் இந்த வரலாற்றில் வேறு இல்லை என்பேன்.

1971-இல் புதிய பொருளாதாரக் கொள்கை பிறந்தது. இன வேறுபாடின்றி வறுமையை ஒழிப்பது அதன் ஒரு கால். சமுதாயத்தைச் சீரமைப்பது மறு கால். 1975-இன் தொழில் ஒருங்கிணைப்புச் சட்டத்தால் ஆலை உரிமத்தோடு பங்கு உடைமை, வேலைக்கு ஆள் எடுத்தல் பற்றிய நிபந்தனைகளும் சேர்ந்தன. அதனால் பூமிபுத்திராக்களிடையே ஒரு தொழில் வர்க்கம் உருவானது. அதை மறுப்பது நேர்மையாகாது. ஆனால் தோட்டம் தனியார் நிலம் என்பதால் கிராம மேம்பாட்டுத் திட்டங்கள் பல அதன் வாசலோடு நின்றுவிட்டன. வறுமை ஒழிப்பு என்ற அந்த முதல் கால் லயத்துக்குள் சரியாக எட்டு வைக்கவே இல்லை.

பிறகு நிலமே ஆலைக்குப் போனது. ஷா ஆலம் முன்பு சுங்கை ரெங்கம் தோட்டம். 1978-இல் அது மாநிலத் தலைநகர் ஆயிற்று. அங்கேதான் 1985-இல் புரோட்டோன் சாகா உருண்டு வந்தது. டாக்டர் மகாதீர் அரசாங்கம் ஹைக்கோம் வழியாக மிட்சுபிஷியோடு சேர்ந்து செய்த கார் அது. வெளிநாட்டுக் காருக்கு வரி ஏற்றி, சொந்தக் காருக்கு இடம் ஒதுக்கினார்கள். தென்கொரியாவும் தன் கார்களை வேலி போட்டுத்தான் வளர்த்தது. ஆனால் ஏற்றுமதி செய்தாகவேண்டும் என்று ஆலைகளைப் பிடரியில் கைவைத்துத் தள்ளியது. நாம் வேலியை மட்டும் நன்றாகக் கட்டினோம். 2017-இல் புரோட்டோனின் 49.9 விழுக்காட்டுப் பங்கு சீனாவின் கீலி நிறுவனத்துக்குப் போயிற்று. குட்இயர் ஆலையும் 2024-இல் மூடப்பட்டுவிட்டது.

இப்போது அடுத்த உத்தரவு வந்திருக்கிறது. 2024 மே மாதம் அரசாங்கம் தேசிய மின்கடத்தித் திட்டத்தை அறிவித்தது. 60,000 பொறியாளர்களை உருவாக்குவது அதன் இலக்குகளில் ஒன்று. 2,500 கோடி வெள்ளி ஆதரவு என்றும் சொன்னார்கள். சில மாதங்களிலேயே பூச்சோங்கில் சில்லு வடிவமைப்புப் பூங்கா திறந்தாயிற்று. இங்கே வாசலில் கேட்பது சிவப்புக் கார்டா நீலக் கார்டா என்றல்ல. இயற்பியல் படித்தாயா, கூடுதல் கணிதம் எடுத்தாயா என்பதுதான் முதல் கேள்வி. அந்தப் பாடங்களை எடுப்பதா விடுவதா என்பது நான்காம் படிவத்தில், பதினாறு வயதில், ஒரு பாரத்தில் போடும் அடையாளத்தோடு முடிந்துவிடுகிறது. உங்கள் வட்டாரத்து இடைநிலைப்பள்ளியில் இந்த ஆண்டு அந்த இரண்டு பாடங்களையும் எடுத்த நம் பிள்ளைகள் எத்தனை பேர் என்று விசாரித்து, ஓர் அஞ்சலட்டையில் எழுதிப் போடுங்கள்.