சொந்தக் கோப்பும் பொதுக் களமும்

கம்ப்யூட்டர் விளையாட்டு என்பது சிறுபிள்ளைகள் சமாசாரம் என்று ஒதுக்கிவிடும் காலம் மலையேறிவிட்டது. அதில் எழும் தகராறுகள் இன்று உச்ச நீதிமன்றங்கள் வரை செல்கின்றன. அவற்றில் ஒன்று, ஆடுபவர் தம் ஆட்டத்தின் சேமிப்புக் கோப்பைத் தாமே திருத்திக்கொள்ளலாமா என்பது. அற்பமாகத் தோன்றும் இக்கேள்விக்குள், விலை கொடுத்து வாங்கிய பொருள் யாருக்குச் சொந்தம் என்ற பெரிய கேள்வி அடங்கியிருக்கிறது.

விஷயம் இதுதான். சண்டையும் சாகசமும் கலந்த விளையாட்டுகளில் ஆடுபவர் ஒரு வீரனை உருவாக்குகிறார். அரக்கர்களைக் கொல்லக் கொல்ல வீரனின் பலம் கூடுகிறது, பொன் சேருகிறது, வாளும் கேடயமும் கிடைக்கின்றன. ஆட்டத்தை நிறுத்தும்போது இத்தனையும் ஒரு சிறு கோப்பில் எண்களாகப் பதிவாகின்றன. அமெரிக்காவின் பிளிஸார்ட் கம்பெனி 2000-ம் ஆண்டில் வெளியிட்ட ‘டயப்லோ 2’ இதற்கு நல்ல உதாரணம். வீரனின் வலிமை எவ்வளவு, கையிருப்புப் பொன் எவ்வளவு, எத்தனையாவது நிலையில் இருக்கிறான் என்பதெல்லாம் அக்கோப்பில் உள்ளன. எண்ணை மாற்றினால் வீரன் மாறுவான். ஆனால் கோப்பில் சரிபார்ப்புத் தொகை ஒன்றும் உண்டு. பேரேட்டில் ஒரு தொகையைத் திருத்தினால் அடிக்கூட்டையும் திருத்த வேண்டுமல்லவா? அதுபோல இதையும் மாற்றி எழுதாவிட்டால் விளையாட்டு அக்கோப்பை ஏற்காது. இந்த வேலையை எல்லாம் தாமே செய்து கொடுக்கும் கருவிகளும் பல வந்தன.

கோப்பைத் திருத்துபவர் எல்லோரும் ஏமாற்றுக்காரர் என்பது நியாயமல்ல. ‘டயப்லோ 2’-ல் வீரனின் திறமைகளுக்குப் புள்ளிகளைப் பங்கிட வேண்டும். தவறாகப் பங்கிட்டுவிட்டால் திரும்பப் பெற வழி இருக்கவில்லை. மாதக்கணக்கில் வளர்த்த வீரனைக் கைவிட்டு முதலிலிருந்து தொடங்க வேண்டியதுதான். பகலெல்லாம் உழைத்துவிட்டு இரவில் ஒரு மணி நேரம் ஆடுபவருக்கு இது சிறிய இழப்பா? புள்ளிகளை மட்டும் மாற்றிக்கொள்வதற்காகக் கோப்பைத் திறந்தவர்களும் உண்டு. 2010-ம் ஆண்டில் வந்த திருத்தப் பதிப்பில், புள்ளிகளைத் திரும்பப் பெறும் வசதியைக் கம்பெனியே செய்து கொடுத்தது. அதுவரை முறைகேடு எனப்பட்டது அன்று முதல் முறையாயிற்று.

மறுபக்கமும் உண்டு. முதல் ‘டயப்லோ’ 1996-ம் ஆண்டு இறுதியில் வெளிவந்தபோது, முன்பின் அறியாதவர்களும் இணையத்தில் சேர்ந்து ஆடும் வசதி அதனுடன் வந்தது. வீரனின் கோப்போ அவரவர் கம்ப்யூட்டரிலேயே இருந்தது. விளைவைச் சொல்ல வேண்டியதில்லை. திருத்திய வீரர்களும் நகலெடுத்த ஆயுதங்களும் பொதுக் களத்தில் மலிந்தன. நேர்மையாக ஆடியவர், தம் வீட்டில் எண்ணை மாற்றிக்கொண்டு வந்தவரின் ஓர் அடியில் விழுந்தார். எல்லோரிடமும் அரிய வாள் இருந்தால் அதற்கு என்ன மதிப்பு?

இந்த அனுபவத்திலிருந்து கம்பெனி பாடம் கற்றது. ‘டயப்லோ 2’-ல் இரு வழிகள் வைக்கப்பட்டன. வீட்டில் வைத்த வீரனைக் கொண்டுவர ஒரு திறந்த களம். கம்பெனியின் கம்ப்யூட்டரிலேயே வளரும் வீரர்களுக்கு ஒரு மூடிய களம். திருத்த விரும்புபவர் தம் வழியில் போகலாம். மற்றவர்கள் நிம்மதியாக ஆடலாம். இது விவேகமான ஏற்பாடு.

அந்த விவேகம் நிலைக்கவில்லை. 2012-ம் ஆண்டு மே 15-ல் வந்த ‘டயப்லோ 3’-ன் கம்ப்யூட்டர் பதிப்பில், ஆடுபவரின் வீட்டில் சேமிப்புக் கோப்பே இல்லை. தனியாக ஆடுவதற்கும் இணையத் தொடர்பு கட்டாயம். முதல் நாளிலேயே கம்பெனியின் சர்வர்கள் கூட்டம் தாங்காமல் திணற, காசு கொடுத்து வாங்கியவர்கள் ‘பிழை 37’ என்ற அறிவிப்பைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். முறைகேட்டைத் தடுப்பது ஒரு காரணமாகச் சொல்லப்பட்டது. அதே விளையாட்டில், ஆயுதங்களை உண்மையான பணத்துக்கு ஏலம் விடும் சந்தையையும் கம்பெனி நடத்தியது. விற்பனையில் கட்டணமும் பெற்றது. அது ஆட்டத்தையே கெடுப்பதாகக் கண்டு 2014-ம் ஆண்டு மார்ச்சில் மூடிவிட்டது. வீட்டுக்குள் எண்ணை மாற்றுவது குற்றம், காசு கொடுத்து அதே வாளை வாங்குவது வியாபாரம் என்றால் அது என்ன நியாயம்?

தொழில்நுட்பம் இடம் கொடுக்கவில்லை என்ற வாதமும் நிற்காது. 2013-ல் அதே விளையாட்டு டெலிவிஷனுடன் இணைக்கும் சாதனங்களுக்கு வந்தபோது இணையமின்றி ஆட முடிந்தது. அங்கே திருத்திய பொருள்கள் பரவியது உண்மையே. ஆனால் தனியாக ஆடியவருக்கு அதனால் ஒரு நஷ்டமும் இல்லை.

சட்டம் இதில் ஒரே குரலில் பேசவில்லை. ஜப்பானில் ‘டோகிமெகி மெமோரியல்’ என்ற விளையாட்டுக்குத் திருத்திய சேமிப்புகளை மெமரி கார்டில் விற்றவர்கள்மீது கோனாமி கம்பெனி வழக்குத் தொடர்ந்தது. கதையின் போக்கு படைப்பாளி கருதிய எல்லையை மீறுவதால் படைப்பின் முழுமை சிதைகிறது என்று 2001-ம் ஆண்டு பிப்ரவரியில் அந்நாட்டு உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 2018-ல் திருத்தப்பட்ட சட்டத்தின்கீழ், திருத்து கருவிகளை விற்பதும் கூலிக்குத் திருத்திக் கொடுப்பதும் அங்கே தடுக்கப்பட்டன. ‘செல்டா’ விளையாட்டின் சேமிப்பைக் காசுக்குத் திருத்திக் கொடுத்த ஒருவர் 2021-ல் கைது செய்யப்பட்டார். ஐரோப்பிய ஒன்றியத்தின் நீதிமன்றமோ 2024-ம் ஆண்டு அக்டோபர் 17-ல் வேறு விதமாகச் சொன்னது. அங்கே வழக்கு, விளையாட்டு ஓடும்போது நினைவகத்தில் உள்ள எண்களை மாற்றும் கருவி பற்றியது. விளையாட்டின் மூல நிரலைத் தொடாமல் அந்த எண்களை மட்டும் மாற்றுவது, நிரல்களுக்கான பதிப்புரிமைப் பாதுகாப்பை மீறியதாகாது என்பது தீர்ப்பு.

படைப்பாளியின் மனம் புண்படும் என்ற வாதத்தை அலட்சியம் செய்வதற்கில்லை. எனினும் துப்பறியும் நாவலின் கடைசி அத்தியாயத்தை முதலில் புரட்டிப் பார்ப்பவரை எந்த எழுத்தாளரும் கோர்ட்டுக்கு இழுப்பதில்லை. அவர் கெடுத்துக்கொண்டது தம் ரசனையைத்தான். தனியறையில் கோப்பைத் திருத்துபவர் நிலையும் அதுவே. ஆயிரம் அரக்கர்களைக் கொன்று பெற வேண்டிய வாளை ஒரே நொடியில் பெற்றவர், மறுநாளே அலுத்துப்போய் விளையாட்டை மூடிவைக்கலாம். அதற்குத் தண்டனை தேவையில்லை, அலுப்பே தண்டனை.

எனவே கோடு போட வேண்டிய இடம் தெளிவானது. தனியாக ஆடும் ஆட்டத்தின் கோப்பு வாங்கியவருக்கே உரியது. அதைத் திருத்தவும் நகலெடுக்கவும் பத்திரப்படுத்தவும் அவருக்கு உரிமை வேண்டும். பிறருடன் ஆடும் களத்துக்கு அதைக் கொண்டுவந்தால் அது மோசடி. அங்கிருந்து அவரை விலக்கிவைக்கக் கம்பெனிக்கு முழு உரிமை உண்டு. மோசடியைக் காரணம் காட்டி எல்லோருடைய கோப்பையும் பறித்துக்கொள்ள அதற்கு உரிமை இல்லை. சர்வரை மூடும் நாளில் விளையாட்டே மறைந்துவிடும் என்பது வெறும் பயமல்ல. யூபிசாஃப்டின் ‘தி க்ரூ’ கார்ப் பந்தய விளையாட்டுக்கு 2024-ம் ஆண்டு மார்ச் 31-ல் அந்தக் கதிதான் நேர்ந்தது. தனியாக ஆடியவர்களும் அதை இழந்தார்கள்.

இந்திய நாடாளுமன்றம் 2025-ம் ஆண்டு ஆகஸ்டில் ஆன்லைன் விளையாட்டுகளுக்கென ஒரு சட்டம் இயற்றியது. பணம் வைத்து ஆடுவதைத் தடுப்பது அதன் முக்கிய நோக்கம். இத்துறையில் அடுத்தடுத்து விதிகள் வரத்தான் போகின்றன. அப்போது கம்பெனிகளின் குரல் மட்டும் டில்லியில் கேட்டால் போதாது. பொதுக் களத்தில் ஒழுங்கு, சொந்த அறையில் சுதந்திரம் என்ற இரண்டையும் சேர்த்துக் காக்கும் விதியே நியாயமான விதி.