மருந்தோடு சோறும் சிகிச்சையே

2025ஆம் ஆண்டுக்குள் இந்தியாவிலிருந்து காசநோயை ஒழித்துவிடுவோம் என்று 2018 மார்ச்சில் தில்லி மாநாட்டில் பிரதமர் அறிவித்தார். அந்தக் கெடு கடந்துவிட்டது. இலட்சம் பேருக்கு 2015இல் 237ஆக இருந்த புதிய நோயாளிகளின் வீதம் 2024இல் 187ஆகக் குறைந்திருக்கிறது என்கிறது உலகச் சுகாதார நிறுவனம். குறைவு 21 விழுக்காடு. இலக்கோ 80 விழுக்காடு. கிடைத்த முன்னேற்றத்தை நான் மறுக்கவில்லை. எஞ்சிய பெரும்பங்கிற்கு யாரைப் பொறுப்பாக்குகிறோம் என்பதே என் கேள்வி.

நோயாளி மாத்திரையை ஒழுங்காக உட்கொள்வதில்லை என்பதே கருத்தரங்குகளில் நாம் கேட்டுப் பழகிய விடை. அவர் என்ன உண்கிறார் என்று கேட்டால், அது நலத்திட்டத்தைச் சேர்ந்தது, கிருமியைக் கொல்வதே மருத்துவத்தின் வேலை என்று ஒதுங்கிக்கொள்கிறார்கள். இந்தப் பிரிவினைக்குச் சான்றாகச் சென்னை ஆய்வை முன்வைப்பவர்கள் இன்றும் உண்டு.

1956இல் சென்னையில் தொடங்கப்பட்ட காசநோய் மருந்துச் சிகிச்சை மையம், நோயாளிகளில் ஒரு பகுதியினரைச் சானடோரியத்திலும் மறுபகுதியினரை வீட்டிலும் வைத்து ஒரே மருந்துகளை ஓராண்டு கொடுத்தது. வீட்டில் இருந்தவர்களுக்கு ஓய்வும் குறைவு, உணவும் குறைவு. ஆயினும் இரு சாராரும் ஏறத்தாழ ஒரே அளவில் குணமடைந்தனர். 1959இல் வெளியான இம்முடிவு, படுக்கை கிடைக்காத இலட்சக்கணக்கான ஏழைகளுக்குச் சிகிச்சையின் கதவைத் திறந்தது. அதன் பெருமையில் எனக்கு ஐயமில்லை.

ஆனால் அந்த ஆய்வு விடை தேடியது, வீட்டிலேயே சிகிச்சை பெற்றுக் குணமடைய முடியுமா என்னும் கேள்விக்கு. மெலிந்து போனவர் சிகிச்சையின் முதல் வாரங்களைத் தாண்டிப் பிழைப்பாரா, அவருடன் ஒரே கூரையின் கீழ்ப் பசித்திருப்பவர்களுக்கு உணவளித்தால் நோய் தடுக்கப்படுமா என்பவை அதன் கேள்விகளாக இருக்கவில்லை. கேட்கப்படாத கேள்விக்கு விடையாக அதைக் காட்டுவது அறிவியலாகாது.

அந்தக் கேள்விகளைக் கேட்ட ஆய்வு ஜார்க்கண்டில் நடந்தது. அனுராக் பார்கவா, மாதவி பார்கவா ஆகியோர் தலைமையேற்ற அதில், சென்னை மையத்தின் இன்றைய வடிவமான தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிறுவனமும் பங்கேற்றது. 2,800 நுரையீரல் காசநோயாளிகளும், அவர்களின் குடும்பத்தினர் 10,345 பேரும் அதில் இடம்பெற்றனர். நோயாளிகள் அனைவருக்கும் மருந்தோடு உணவுப்பொருள்களும் வழங்கப்பட்டன. குடும்பத்தினரில் ஒரு பிரிவினருக்கு ஆளுக்கு மாதம் 5 கிலோ அரிசியும் ஒன்றரைக் கிலோ பருப்பும் தரப்பட்டன. அந்தப் பிரிவில் புதிதாகக் காசநோய் வருவது 39 விழுக்காடு குறைந்தது. கிருமி உறுதிசெய்யப்பட்ட நோயைத் தனியே கணக்கிட்டால் 48 விழுக்காடு. நோயாளிகளிலும், முதல் இரண்டு மாதங்களில் 5 விழுக்காடு எடை கூடியவர்களிடையே இறப்பு அபாயம் 61 விழுக்காடு குறைவாக இருந்தது. 2023இல் இம்முடிவுகள் வெளியாயின.

இதன் பிறகு அரசு செய்தது என்ன? நோயாளிக்கு மாதம் 500 ரூபாயாக இருந்த ஊட்டச்சத்து உதவித்தொகையை 2024 நவம்பரில் 1,000 ரூபாயாக உயர்த்தியது. நாளொன்றுக்கு 33 ரூபாய். கூலியை இழந்து நிற்கும் வீட்டில் அந்தத் தொகையை நோயாளி ஒருவரே உண்டு தீர்ப்பார் என்று நம்புவதற்கு, வறுமையை அறியாதவராக இருக்க வேண்டும். குடும்பத்தினருக்கான உணவுப்பொதியோ நிக்ஷய் மித்ரா என்னும் பெயரில் நன்கொடையாளர்களின் மனத்திற்கு விடப்பட்டிருக்கிறது. ரிஃபாம்பிசினை வாங்க யாரும் நன்கொடை திரட்டுவதில்லை. பருப்புக்கு மட்டும் ஏன் கையேந்த வேண்டும்?

ரேஷனில் அரிசி கிடைக்கிறதே என்பார்கள். மத்திய அரசின் இலவசத் திட்டம் தருவது தானியம் மட்டுமே. புரதம் அங்கே இல்லை. செலவு தாங்காது என்பார்கள். உணவுக் கழகக் கிடங்குகளில் அரிசி தேவைக்கு மிஞ்சித் தேங்கும் நாட்டில் இந்த வாதம் நிற்காது.

செய்ய வேண்டியவை மூன்று. முதலாவது, நோயைக் கண்டறியும் அன்றே சளிப் பரிசோதனையோடு எடையும் உயரமும் அளக்கப்பட வேண்டும். 2022இல் தமிழ்நாடு தொடங்கிய காசநோய் இறப்பில்லாத் திட்டம் இதற்கு வழிகாட்டுகிறது. மிக மெலிந்தவர், மூச்சுத் திணறுபவர், துணையின்றி எழுந்து நிற்க இயலாதவர் ஆகியோரை அங்கே உடனடியாக இனங்கண்டு மருத்துவமனையில் சேர்க்கிறார்கள். இரண்டாவது, பருப்பும் எண்ணெயும் அடங்கிய உணவுப்பொதி, மருந்து தரும் அதே இடத்தில், மருந்துக்கான அதே நிதியிலிருந்து தரப்பட வேண்டும். மூன்றாவது, அது குடும்பத்தினர் அனைவருக்கும் உரிமையாக வேண்டும்.

இவற்றைச் செய்யாமல் அடுத்த கெடுவை அறிவிக்கும் உரிமை எவருக்கும் இல்லை. இத்துறையில் ஆய்வு செய்யும் நண்பர்கள் இனியேனும் சென்னை ஆய்வைப் பசிக்குச் சாக்காகக் காட்டாதிருக்க வேண்டும்.